திருவிழா ஈவன்ட்: எதை எடுக்கலாம், எதை விடலாம்?

தீபாவளிக்கு ஒரு வாரம், பத்து நாள் இருக்கும்போதே செல்போன் விளையாட்டுகளுக்குள் தீபாவளி வந்துவிடுகிறது. முகப்புத் திரை முழுக்க விளக்கும் வாணவேடிக்கையும். மூலையில் 'இன்னும் 6 நாள் 14 மணி நேரம்' என்று குறைந்துகொண்டே வரும் எண். தினமும் உள்ளே வந்தால் ஒரு சிறு பரிசு, ஒருநாள் விடாமல் வந்தால் பெரிய பரிசு. உத்திரமேரூர், மானாம்பதி, சாலவாக்கம் பக்கத்தில் ஃப்ரீ ஃபயர் மேக்ஸோ பிஜிஎம்ஐயோ ஆடுகிற பையன்களுக்கு இது எல்லாம் அத்துப்படி. எந்த ஈவன்ட் என்றைக்கு முடிகிறது, எந்த உடை எத்தனை டோக்கன் என்று கேட்டால் யோசிக்காமல் சொல்வார்கள். வீட்டுப் பெரியவர்களுக்குத்தான் இந்தக் கணக்கு புரிவதில்லை. அதனால் வீட்டில் இதைப் பற்றிய பேச்சு "போனை வைடா", "அஞ்சு நிமிஷம்மா" என்பதைத் தாண்டுவதே இல்லை.

அந்தப் பேச்சைத் தாண்டிப் போக வேண்டிய நேரம் இது. குறுகிய காலத்துக்கு மட்டும் வரும் ஈவன்ட்டை ரசித்து ஆட முடியும். காசு செலவழிக்காமலும் ஆட முடியும். எதை எடுப்பது, எதோடு நிறுத்துவது என்பதை ஈவன்ட் திறக்கும்போதே ஆடுபவர் தீர்மானித்துவிட வேண்டும், அவ்வளவுதான். அந்தத் தீர்மானத்தை எடுக்கத் தேவையான உண்மைகளை மறைக்காமல் காட்ட வேண்டிய கடமை நிறுவனங்களுக்கு உண்டு. இந்த இரண்டில் முதலாவதை வீட்டிலேயே செய்துகொள்ளலாம். இரண்டாவதை அரசுதான் செய்யவைக்க வேண்டும்.

பருவத்துக்கு ஒரு விளையாட்டு என்பது கிராமங்களுக்குப் புதிதல்ல. ஆடிக் காற்றில் காத்தாடி, கோடையில் நுங்கு வண்டி, பரீட்சை முடிந்த கையோடு கோலியும் பம்பரமும். எது எப்போது தொடங்கும், எப்போது ஓயும் என்பதைக் காற்றும் வெயிலும் பள்ளி விடுமுறையும் தீர்மானித்தன. செல்போன் விளையாட்டில் அதைத் தீர்மானிப்பது ஒரு நிறுவனத்தின் விற்பனைத் திட்டம். அந்தத் திட்டத்துக்குக் காஞ்சிபுரம் மாவட்டத்துப் பள்ளிக்கூடங்களின் அரையாண்டுத் தேர்வு எப்போது என்று தெரியாது. உலகம் முழுவதற்குமான குளிர்கால ஈவன்ட் டிசம்பரில் வரும். நம் ஊரில் அரையாண்டுத் தேர்வும் டிசம்பரில்தான். ஹோலியை ஒட்டிய ஈவன்ட் மார்ச்சில் வரும்போது பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்பு மாணவர்கள் பொதுத்தேர்வுக்குப் படித்துக்கொண்டிருப்பார்கள்.

ஈவன்ட்டில் கிடைப்பது எந்த அளவுக்கு நம்முடையது என்பதையும் தெரிந்துகொள்வது நல்லது. பப்ஜி மொபைலை மத்திய அரசு 2020 செப்டம்பர் 2 அன்று தடை செய்தது. அக்டோபர் 30-ஆம் தேதியோடு இந்தியாவில் அதன் சேவை முழுதாக நின்றது. க்ராஃப்டன் நிறுவனம் 2021 ஜூலையில் பிஜிஎம்ஐயைக் கொண்டுவரும் வரை, பழைய சீசன்களில் சேர்த்த உடைகளையும் துப்பாக்கிக்கான அலங்கார 'ஸ்கின்'களையும் இந்திய ஆட்டக்காரர்கள் கண்ணால் பார்க்கக்கூட முடியவில்லை. பிஜிஎம்ஐயும் 2022 ஜூலையில் ஆப் ஸ்டோர்களிலிருந்து எடுக்கப்பட்டு 2023 மே மாதம்தான் திரும்பியது. ஃப்ரீ ஃபயர் 2022 பிப்ரவரியில் தடைப்பட்டது. மேக்ஸ் பதிப்பு மட்டும் தொடர்ந்தது. வாங்கிய ஸ்கின் பீரோவில் வைத்துப் பூட்டுகிற பொருள் ஆகாது. சர்வர் ஓடும் வரைதான் அது இருக்கும்.

இனி ஒரு ஈவன்ட்டைக் கிட்டப்போய்ப் பார்க்கலாம். ஃப்ரீ ஃபயரில் அடிக்கடி வந்துபோகும் 'ஃபேடட் வீல்' என்ற சக்கரம் அதற்குச் சரியான எடுத்துக்காட்டு. பத்துப் பரிசுகள் இருக்கும். வேண்டாத இரண்டை ஆடுபவரே நீக்கிவிடலாம். மீதி எட்டுக்குச் சுற்ற வேண்டும். ஒருமுறை விழுந்த பரிசு மறுபடி விழாது என்பதால் எட்டாவது சுற்றுக்குள் பெரிய பரிசு கட்டாயம் கிடைத்துவிடும். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் முதல் சுற்றுக்கு 9 டைமண்டு (காசு கொடுத்து வாங்கும் விளையாட்டு நாணயம்). அடுத்தது 19. பிறகு 39, 69, 99, 149, 199. கடைசிச் சுற்றுக்கு 499.

மொத்தத்தைக் கூட்டினால் 1,082 டைமண்டு. இந்தியாவில் நெடுநாள் இருந்த விலைப் பட்டியலில் 800 ரூபாய்க்கு 1,060 டைமண்டு. எட்டுச் சுற்றையும் சுற்ற நினைப்பவருக்கு அதில் 22 குறையும். அந்த 22-க்காக இன்னொரு 80 ரூபாய் கட்டி 100 டைமண்டு வாங்க வேண்டும். ஆக, ஒரு உடைக்கு 880 ரூபாய்.

நூறு நாள் வேலைத் திட்டத்தில் 2025-26-ஆம் ஆண்டுக்குத் தமிழ்நாட்டுக்கு அறிவிக்கப்பட்ட கூலி நாளொன்றுக்கு 336 ரூபாய். அந்த உடை இரண்டரை நாள் கூலியைத் தாண்டுகிறது. இந்தக் கணக்கைச் சக்கரம் சுற்றுகிற பிள்ளையிடம் அதட்டாமல், பேப்பரில் எழுதிக் காட்ட வேண்டும். 9 டைமண்டில் தொடங்கியது எங்கே போய் நிற்கும் என்று முதல் சுற்றுக்கு முன்பே தெரிந்தால், பலரும் தொடங்கவே மாட்டார்கள். தெரிந்தும் சுற்றுபவர் 19-லோ 39-லோ நிறுத்திக்கொள்வார். ஆபத்து இருப்பது ஆறாவது, ஏழாவது சுற்றில். அங்கே வந்தவருக்கு இதுவரை போட்டது வீணாகிவிடுமே என்ற எண்ணம்தான் முன்னால் நிற்கும்.

சீட்டு எடுப்பது, குலுக்குவது, அதிர்ஷ்டத்துக்கு விடுவது இதெல்லாம் எப்படி நடக்க வேண்டும் என்று ஊருக்குச் சொல்லும் தகுதி உத்திரமேரூருக்கு உண்டு. வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919-லும் 921-லும் வெட்டப்பட்ட கல்வெட்டுகள் குடவோலை முறையைப் படிப்படியாகச் சொல்கின்றன. ஊர் 'குடும்பு' எனப்படும் முப்பது பகுதிகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. தகுதியுள்ளவர்களின் பெயர்கள் ஓலையில் எழுதப்பட்டுக் குடத்தில் இடப்பட்டன. ஊரிலுள்ள பெரியவர் சிறியவர் எல்லோரும் சபையில் கூடியிருக்க வேண்டும். கோயில் அர்ச்சகர்களான நம்பிமார்களில் வயதில் மூத்தவர் எல்லோரும் பார்க்கும்படி குடத்தை உயர்த்திக் காட்ட வேண்டும். உள்ளே என்ன இருக்கிறது என்று அறியாத ஒரு சிறுவன் ஓலையை எடுக்க வேண்டும். அதை வாங்கும் மத்தியஸ்தன் ஐந்து விரலையும் அகல விரித்து உள்ளங்கையில் ஏந்த வேண்டும். அவர் வாசித்த பெயரை அங்கிருக்கும் நம்பிமார் எல்லோரும் வாசிக்க வேண்டும்.

விரல்களை ஏன் விரிக்கச் சொன்னார்கள் என்பதை விளக்கவே தேவையில்லை. கைக்குள் வேறு ஓலை ஒளிந்திருக்கக் கூடாது. குலுக்கலில் சந்தேகத்துக்கு இடமில்லாமல் இருக்க இவ்வளவு பாடுபட்ட ஊர்ப் பிள்ளைகள், எந்தப் பரிசு விழ எவ்வளவு வாய்ப்பு என்று தெரியாமலேயே சக்கரத்தில் காசு போடுகிறார்கள். விதிகளின் பக்கத்தில் எங்கோ ஓர் ஓரத்தில், ஆங்கிலத்தில், பொடி எழுத்தில் இருக்கும் சதவீதம் விரித்த கை ஆகாது.

உலகில் சில நாடுகள் இதில் முன்னே போய்விட்டன. சீனா 2017 மே மாதம் முதல் இத்தகைய குலுக்கல்களின் வாய்ப்பு விகிதத்தை வெளியிடச் சொன்னது. தென் கொரியாவில் 2024 மார்ச் முதல் அது சட்டக் கட்டாயம். அதற்கு இரண்டு மாதம் முன்பு, மேப்பிள்ஸ்டோரி விளையாட்டில் வாய்ப்பு விகிதத்தைச் சொல்லாமல் மாற்றியதற்காக நெக்ஸான் நிறுவனத்துக்கு அந்நாட்டு வணிக ஆணையம் சுமார் 1,160 கோடி வொன் அபராதம் விதித்தது. அமெரிக்காவில் ஜென்ஷின் இம்பாக்ட் விளையாட்டை வெளியிடும் நிறுவனம் 2025 ஜனவரியில் 2 கோடி டாலர் கட்டச் சம்மதித்தது. அரிய பரிசு கிடைக்கும் வாய்ப்பு பற்றியும் அதற்கு ஆகும் செலவு பற்றியும் பிள்ளைகளைத் தவறாக நம்பவைத்தது என்பது அதன் மீதான குற்றச்சாட்டுகளில் ஒன்று. அங்கும் பரிசுகள் குறிப்பிட்ட சில நாட்களுக்கு மட்டும் என்று சொல்லித்தான் விற்கப்பட்டன.

மூலையில் குறைந்துகொண்டே வரும் நேர எண்ணுக்கும் இதே அளவுகோல்தான். நெதர்லாந்தின் நுகர்வோர் ஆணையம் 2024 மே மாதம் ஃபோர்ட்நைட்டை நடத்தும் எபிக் கேம்ஸ் நிறுவனத்துக்கு 11 லட்சத்து 25 ஆயிரம் யூரோ அபராதம் விதித்தது. கடையில் பொருள்களோடு ஓடிய நேரக் கணக்கு, பிள்ளைகளை அவசரப்படுத்தி வாங்கவைத்தது. அதிலும் சில பொருள்கள் காட்டிய நேரம் முடிந்த பிறகும் கடையில் இருந்தன என்று ஆணையம் கண்டறிந்தது. ஒரு பொருள் உண்மையிலேயே ஞாயிற்றுக்கிழமையோடு போகிறது என்றால் அதைச் சொல்வதில் தவறில்லை. போகாத பொருளைப் போகப்போகிறது என்று பிள்ளைகளிடம் சொல்வது ஏமாற்று.

இந்தியாவிலும் இதைத் தட்டிக்கேட்க வழி இருக்கிறது. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பர் 30 அன்று வெளியிட்ட வழிகாட்டு நெறிகள், வாங்குபவரைத் திசைதிருப்பும் பதின்மூன்று திரைத் தந்திரங்களைப் பட்டியலிடுகின்றன. பட்டியலில் முதலாவதே பொய்யான அவசரம். இந்தியாவில் பொருளோ சேவையோ விற்கும் எல்லாத் தளங்களுக்கும் அந்த நெறிகள் பொருந்தும். ஆன்லைன் கடைகளைப் பற்றியே இதுவரை அதிகம் பேசப்பட்டது. விளையாட்டுக்குள் இருக்கும் கடையும் கடைதான். அதன் வாடிக்கையாளர்களில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் ஏராளம்.

ஆன்லைன் விளையாட்டு பற்றித் தமிழ்நாட்டில் நடந்த பெரிய விவாதம் முழுவதும் ரம்மியையும் போக்கரையும் சுற்றியே இருந்தது. அதற்குக் காரணமும் இருந்தது. கடன்பட்டு உயிரை விட்டவர்களின் குடும்பங்களைத் தமிழ்நாடு பார்த்திருக்கிறது. பணம் வைத்து ஆடும் விளையாட்டுகளுக்கு நள்ளிரவு 12 முதல் காலை 5 மணி வரை தடை, 18 வயதுக்குட்பட்டோருக்கு அனுமதி இல்லை என்று மாநில அரசு 2025 பிப்ரவரியில் கொண்டுவந்த விதிமுறைகளைச் சென்னை உயர் நீதிமன்றம் அதே ஆண்டு ஜூன் 3 அன்று செல்லும் என்றது. ஆகஸ்டில் நாடாளுமன்றம் இயற்றிய ஆன்லைன் விளையாட்டுச் சட்டம் பணம் வைத்து ஆடுவதையே நாடு முழுவதும் தடை செய்தது. அந்தப் பெரிய வேலை நடந்துவிட்டதாலேயே, ஸ்கின் விற்கும் ஈவன்ட்களை யாரும் கண்டுகொள்ளாமல் விட்டுவிடக் கூடாது.

இதெல்லாம் அரசும் நிறுவனங்களும் செய்ய வேண்டியவை. அடுத்த ஈவன்ட் திறக்கும்போது ஆடுபவர் கையிலேயே இருப்பவையும் கொஞ்சமல்ல.

முதல் நாள் ஆட வேண்டாம், படிக்க வேண்டும். டோக்கன் மாற்றும் பக்கத்தைத் திறந்தால் ஒவ்வொரு பரிசுக்கும் எத்தனை டோக்கன் என்று இருக்கும். ஒருநாளைக்கு அதிகபட்சம் எத்தனை டோக்கன் கிடைக்கும் என்பதும் இருக்கும். இரண்டையும் வைத்து வகுத்தால், பிடித்த ஒரு பரிசுக்கு எத்தனை நாள், நாளுக்கு எத்தனை ஆட்டம் என்று வந்துவிடும். பத்து நாள் ஈவன்ட்டில் ஆறு நாளில் அது முடியுமென்றால், நான்கு நாள் ஊர்த் திருவிழாவுக்கும் தூக்கத்துக்கும் மிச்சம். காசு கட்டாமல் வராது என்று கணக்கு சொன்னால், அதை முதல் நாளே மனதிலிருந்து எடுத்துவிடலாம். ஏழாம் நாள் ஏமாறுவதற்கு இது எவ்வளவோ மேல்.

உச்சவரம்பைத் தெரிந்துகொள்வதும் நேரத்தை மிச்சம் பண்ணும். கிளாஷ் ஆஃப் கிளான்ஸில் மாதந்தோறும் 22-ஆம் தேதி முதல் 28 வரை 'கிளான் கேம்ஸ்' நடக்கிறது. வழக்கமாக ஒருவர் 4,000 புள்ளி வரைதான் சேர்க்கலாம். அதற்கு மேல் எதுவும் கணக்கில் ஏறாது. முழுப் பரிசுக்கு, கிளான் எனப்படும் குழு மொத்தமாக 50,000 புள்ளி எடுக்க வேண்டும். பதின்மூன்று பேர் தங்கள் பங்கை முடித்தாலே போதும். ஒருவரே ராத்திரி முழுக்க உட்கார்ந்து ஆடி எதுவும் ஆகப்போவதில்லை. பங்காளிகளைச் சேர்ப்பதுதான் வேலை. உலக நேரத்தில் காலை 8 மணிக்குத் தொடங்கி அதே மணிக்கு முடிவதால், நம் ஊரில் அது மதியம் ஒன்றரை. 28-ஆம் தேதி ஸ்கூல் விட்டு வந்து முடித்துக்கொள்ளலாம் என்று வைத்திருந்தால் கதவு சாத்தியிருக்கும். வெளிநாட்டு விளையாட்டுகளில் முடியும் நேரத்தை இந்திய நேரத்துக்கு மாற்றிக் குறித்து வைப்பது அவசியம்.

கிராமத்துக்கு என்றே சில சிக்கல்கள் உண்டு. நாளொன்றுக்கு ஒன்றரை ஜிபி தரும் ரீசார்ஜில், ஒரு சீசன் அப்டேட்டே அன்றைய டேட்டாவைத் தின்றுவிடும். ஈவன்ட் தொடங்கும் அன்று காலையில் இறக்கிக்கொண்டிருந்தால், பன்னிரண்டாம் வகுப்பு அக்காவுக்குப் பாட வீடியோ பார்க்க டேட்டா இருக்காது. முந்தைய இரவில் மிச்சமிருக்கும் டேட்டாவில் இறக்கி வைத்துவிடலாம். வீட்டுக்கு ஒரே போன் என்றால் கெஸ்ட் கணக்கில் ஆடுவது வீண் வேலை. போன் கெட்டாலோ ஆப்பை எடுத்தாலோ சேர்த்ததெல்லாம் போய்விடும். ஃப்ரீ ஃபயரின் இலவசப் பரிசுக் குறியீடுகளும் கெஸ்ட் கணக்கில் ஏறாது. கூகுள் போன்ற ஒரு கணக்கோடு அதை இணைத்துக்கொள்ள இரண்டு நிமிடம் போதும்.

இலவசப் பரிசுக் குறியீடு என்றதும் இன்னொன்று. தீபாவளி, பொங்கல், ஆண்டு விழா ஈவன்ட் வரும்போதெல்லாம் 'ஃப்ரீ டைமண்டு' என்று வாட்ஸ்அப்பிலும் டெலிகிராமிலும் லிங்க் பறக்கும். நிறுவனத்தின் சொந்தத் தளத்தைத் தவிர வேறெங்கும் கணக்கின் பாஸ்வேர்டையோ ஓடிபியையோ கொடுக்கக் கூடாது. கொடுத்துப் பணம் போய்விட்டால், அடிக்குப் பயந்து பிள்ளை மறைக்கும் ஒவ்வொரு மணி நேரமும் பணம் திரும்பும் வாய்ப்பைக் குறைக்கும். 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை உடனே அழைக்க வேண்டும். முதலில் வந்து சொன்ன பிள்ளையைத் திட்டாமல் இருப்பதும் அந்தப் பணத்தை மீட்கும் வேலையில் சேர்ந்ததுதான்.

விட்டால் போச்சு என்ற பயம் பெரும்பாலும் தேவையற்றது. 'போகிமான் கோ' விளையாட்டில் மாதந்தோறும் நடக்கும் 'கம்யூனிட்டி டே' மூன்று மணி நேர நிகழ்ச்சி. கொரோனா காலத்தில் ஆறு மணி நேரமாக நீட்டி, 2022 ஏப்ரலில் பழையபடி மூன்றாக்கினார்கள். மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆடியவர்கள் 5 சதவீதத்துக்கும் குறைவு என்று நியான்டிக் நிறுவனமே அப்போது சொன்னது. ஆண்டு முழுவதும் வந்துபோனவை டிசம்பரில் ஒருமுறை திரும்ப வருகின்றன. இனி வரவே வராது என்றிருந்த பேட்டில் பாஸ் பொருள்கள், பதினெட்டு மாதத்துக்குப் பிறகு கடைக்கு வரக்கூடும் என்று ஃபோர்ட்நைட் 2024 ஆகஸ்டில் அறிவித்தது. ஹேலோ இன்ஃபினிட், ஹெல்டைவர்ஸ் 2 ஆகியவற்றில் ஒருமுறை வாங்கிய பாஸுக்குக் காலாவதியே கிடையாது. எப்போது நேரமிருக்கிறதோ அப்போது ஆடி முடித்துக்கொள்ளலாம். அவசரப்படுத்தாமலும் இந்தத் தொழிலை நடத்த முடியும் என்பதற்கு இவை சாட்சி.

பெற்றோர் செய்ய வேண்டியதும் கொஞ்சம்தான். பிளே ஸ்டோர் அமைப்பில் ஒவ்வொரு முறை வாங்கும்போதும் பாஸ்வேர்டு கேட்கும்படி வைப்பது ஒன்று. யுபிஐ பின் நம்பரைப் பிள்ளையிடம் சொல்லாமல் இருப்பது இன்னொன்று. 18 வயதுக்குட்பட்டோர் நாளொன்றுக்கு 7,000 ரூபாய் வரை செலவழிக்கலாம், மூன்று மணி நேரம் ஆடலாம் என்று பிஜிஎம்ஐயில் வரம்பு வைத்தார்கள். அந்த ஏழாயிரம் இருபது நாள் கூலியைவிட அதிகம். உத்திரமேரூர் வட்டாரத்தில் ஒரு விவசாயக் குடும்பத்துக்கு அது வரம்பே ஆகாது. வீட்டுக்கான வரம்பை வீடுதான் போட வேண்டும்: பரீட்சை வாரத்தில் ஈவன்ட் இல்லை, விடுமுறையில் இத்தனை மணி நேரம், டாப்-அப் வேண்டுமென்றால் தீபாவளிக் காசிலிருந்து, அதுவும் கேட்டுவிட்டு. ஈவன்ட் நடுவில் பிடுங்குவதைவிட, தொடங்கும் முன் உட்கார்ந்து பேசினால் சண்டை பாதியாகக் குறையும்.

அரசிடம் கேட்க வேண்டியவை மூன்று. சக்கரத்தைச் சுற்றும் பொத்தானுக்குப் பக்கத்திலேயே, தமிழில், ஒவ்வொரு பரிசும் விழும் வாய்ப்பையும் கடைசிச் சுற்று வரை ஆகும் மொத்தச் செலவை ரூபாயிலும் காட்டச் சொல்ல வேண்டும். 18 வயதுக்குட்பட்டவர் கணக்கில் விற்பனைக்கான நேர ஓட்டம் தெரியக் கூடாது. முடியும் தேதியை எழுதினால் போதும். ஒரு பொருள் திரும்ப வருமா வராதா என்பதை விற்கும்போதே சொல்ல வேண்டும். மூன்றையும் 2023 வழிகாட்டு நெறிகளின் கீழ், புதுச் சட்டம் எதுவும் இல்லாமலே நுகர்வோர் ஆணையம் கையிலெடுக்கலாம். அதுவரை, முடிந்துவிட்டது என்று சொல்லி மறுநாளும் அதே விலைக்கு விற்ற பொருளைக் கண்டால், இரண்டு நாளும் திரையைப் படமெடுத்து வைத்துக்கொண்டு 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதியலாம். அந்தப் படம் எடுக்கும் வேலையை வீட்டில் ஆடுகிற பிள்ளையிடமே கொடுக்கலாம். அதற்கு அவனைவிட, அவளைவிடத் தோதான ஆள் கிடையாது.